யேட்ஸ் யாரிடம் என்ன வாங்கினார்? கடிதங்கள் சொல்வதும் சொல்லாததும்

உங்கள் கேள்வியை முதலில் என் சொற்களில் திருப்பிச் சொல்லிவிடுகிறேன். அயர்லாந்துக் கவிஞர் டபிள்யூ.பி. யேட்ஸ் உங்கள் முதுகலைப் பாடத்தில் இருக்கிறார். அவருடைய சிந்தனை முழுக்க உபநிடதங்களிலிருந்து வந்தது என்று ஒருவர் உங்களிடம் அடித்துச் சொல்லியிருக்கிறார். இன்னொருவர், கடிதங்களைப் படிக்காமல் யேட்ஸைப் படித்துப் பிரயோஜனமில்லை என்றிருக்கிறார். இந்த இரண்டில் எவ்வளவு உண்மை, கடிதங்களைப் படிப்பதானால் எங்கே தொடங்குவது என்று கேட்கிறீர்கள். இதற்குள் இருப்பது ஒரே கேள்வி என்று நினைக்கிறேன்: இந்த மனிதர் யாரிடமிருந்து எதை வாங்கினார், வாங்கியதை என்ன செய்தார்? கல்லூரியில் பல வருடம் யேட்ஸ் பாடம் நடத்தியவன் என்ற முறையில் எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். உறுதியானது எது, ஊகம் எது என்பதையும் ஆங்காங்கே பிரித்துக் காட்டுகிறேன்.

சுருக்கமான பதில் இது. யேட்ஸ் புத்தகங்களிடம் வாங்கியதைவிட மனிதர்களிடம் வாங்கியது அதிகம். அவருக்கு ஐரிஷ் மொழி தெரியாது, சமஸ்கிருதம் தெரியாது, வங்காளமும் ஜப்பானிய மொழியும் தெரியாது. ஆனாலும் ஐரிஷ் நாட்டார் கதை, உபநிடதம், தாகூர், ஜப்பானின் நோ நாடகம் என எல்லாமே அவர் எழுத்துக்குள் வந்தன. ஒவ்வொன்றும் எதிரே உட்கார்ந்து பேசிய ஒரு ஆள் வழியாகத்தான் வந்தது. அதனால்தான் அவர்மேல் யார் யாருடைய பாதிப்பு இருக்கிறது என்று தேடுகிறவர்களுக்குக் கடிதங்கள் முக்கியமாகின்றன. அந்த ஆட்களோடு அவர் பேசிய பேச்சு அங்கேதான் மிச்சமிருக்கிறது. ஆனால் கடிதம் கவிதைக்கு உரை ஆகாது. பல இடங்களில் கவிதை கடிதத்தை மறுத்துப் பேசுகிறது. நான் மிகவும் மதிக்கும் இடங்கள் அவைதான்.

வாழ்க்கையை வேகமாகப் பார்த்துவிடலாம், அது எந்தப் புத்தகத்திலும் கிடைக்கும். 1865 ஜூன் 13 அன்று டப்ளினில் சாண்டிமவுண்ட் பகுதியில் பிறந்தார். அப்பா ஜான் பட்லர் யேட்ஸ் வக்கீல் தொழிலை விட்டுவிட்டு ஓவியரானவர், கடைசிவரை காசுக்குத் திண்டாடியவர். அம்மா சூசன் பொலக்ஸ்ஃபென், மேற்குக் கடற்கரை ஊரான ஸ்லைகோவில் கப்பலும் மாவு ஆலையும் வைத்திருந்த குடும்பத்துப் பெண். பிள்ளைப் பருவம் லண்டனுக்கும் ஸ்லைகோவுக்கும் இடையில் கழிந்தது. 1904 டிசம்பரில் நாடக ஆசிரியை லேடி கிரகரி முதலானவர்களோடு சேர்ந்து டப்ளினில் அபே தியேட்டரைத் தொடங்கினார். 1917-ல் 52 வயதில் திருமணம். 1922 முதல் 1928 வரை சுதந்திர அயர்லாந்தின் செனட் உறுப்பினர், 1923-ல் நோபல் பரிசு, 1939 ஜனவரி 28 அன்று தெற்கு பிரான்சில் மரணம்.

கடிதங்களுக்கு வருவோம். இளம் வயதுக் கடிதங்களில் மிக நல்லவை காதரின் டைனன் என்ற கவிஞருக்கு எழுதியவை. 1888 மார்ச்சில் அவருக்கு எழுதும்போது, தன் கவிதைகளைத் திருத்திக்கொண்டிருக்கையில் ஒன்றைக் கவனித்ததாகச் சொல்கிறார். கிட்டத்தட்ட எல்லாமே நிஜ உலகத்திலிருந்து தேவதை உலகத்துக்குத் தப்பி ஓடுவதாகவே இருக்கின்றனவாம். இது உள்ளறிவின் கவிதை அல்ல, ஏக்கத்தின், முறையீட்டின் கவிதை, ஒரு நாள் இதை மாற்றி அறிவின் கவிதை எழுதுவேன் என்கிறார். அப்போது அவருக்கு 22 வயது. பிற்காலத்தில் விமர்சகர்கள் பக்கம் பக்கமாக எழுதிய தீர்ப்பை, முதல் கவிதைத் தொகுப்பு வருவதற்கு முன்பே தனக்குத்தானே எழுதிக்கொண்டவர். அப்புறம் ஐம்பது வருடம் அதன்படி நடந்தார்.

அதே வருடம் டிசம்பரில் அதே டைனனுக்கு ஒரு கடிதம். அதில்தான் இன்னிஸ்ஃப்ரீ ஏரித்தீவுக் கவிதையின் முதல் வடிவம் இருக்கிறது. நம் பாடப்புத்தகங்களிலும் இடம்பெற்ற கவிதை என்பதால் உங்களுக்குத் தெரிந்திருக்கும். எழுதிக்கொண்டிருந்த நாவலில் ஒரு பாத்திரம் கஷ்டம் வரும்போதெல்லாம் அந்தத் தீவுக்குப் போய்த் தனியே வாழ ஆசைப்படுகிறான், அது என் பழைய பகற்கனவு, அவன் மனநிலையை யோசித்து இந்த வரிகளை எழுதினேன் என்கிறார். அவரைச் செடி வரிசைகள் ஒன்பது, தேனீக்கூடு, குருவிச் சிறகுகளால் நிறைந்த மாலை எல்லாம் அப்போதே வந்துவிட்டன. அவரையைக் குறிக்கும் சொல்லில் எழுத்துப்பிழைகூட இருக்கிறது, வாழ்நாள் முழுக்க அவருக்கு எழுத்துக்கூட்டல் சரியாக வந்ததில்லை. ஆனால் அங்கே இருப்பவை இரண்டு பத்திகள்தான். சாலையிலோ சாம்பல்நிற நடைபாதையிலோ நின்றுகொண்டு நெஞ்சின் ஆழத்தில் ஏரித்தண்ணீர் கரையில் மோதும் ஓசையைக் கேட்கிறானே, அந்த மூன்றாவது பத்தி இன்னும் பிறக்கவில்லை. முதல் இரண்டு பத்திகளை மட்டும் வாசித்துப் பாருங்கள். இனிமையான கனவு, அவ்வளவுதான். மூன்றாவது பத்தி வந்த பிறகுதான் அந்தக் கனவைக் காண்கிற ஆள் நகரத்தில் மாட்டிக்கொண்டவன் என்று தெரிகிறது, முன்னால் படித்ததும் கனக்கத் தொடங்குகிறது. 1890 டிசம்பரில் அச்சேறும்போது மூன்று பத்திகளும் இருந்தன.

இதே கவிதைக்கு இன்னொரு பிறப்புக் கதையும் உண்டு. பல வருடங்கள் கழித்துத் தன் நினைவுக்குறிப்பில், லண்டன் ஃப்ளீட் தெருவில் ஊர் ஞாபகத்தோடு நடந்தபோது ஒரு கடை ஜன்னலில் சின்ன நீரூற்று ஒரு பந்தைத் தாங்கிக்கொண்டிருந்ததாகவும், அந்தச் சலசலப்பில் ஏரி ஞாபகம் வந்து கவிதை பிறந்ததாகவும் எழுதுகிறார். கடிதத்தில் நீரூற்று இல்லை, நாவல் பாத்திரம் இருக்கிறது. இரண்டில் எது உண்மை? இரண்டும் இருக்கலாம். நீரூற்றிலிருந்து வந்தது அந்த மூன்றாவது பத்திதானோ என்று எனக்கு ஒரு ஊகம் உண்டு, நிரூபிக்க முடியாது. தீவில் தனியே வாழும் யோசனை, அப்பா அவருக்கு வாசித்துக் காட்டிய தோரோவின் வால்டனிலிருந்து வந்தது என்பது மட்டும் அவரே சொன்னது. அதாவது, அமெரிக்கப் புத்தகம்கூட அப்பாவின் குரல் வழியாகத்தான் வந்தது.

அந்த அப்பாவைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் பாடத்தில் அவரை விட்டுவிடுகிறார்கள். ஜான் பட்லர் யேட்ஸ் 1907 கடைசியில், 68 வயதில், சும்மா பார்த்துவிட்டு வருகிறேன் என்று நியூயார்க் போனார். திரும்பவே இல்லை, 1922-ல் அங்கேயே இறந்தார். நடுவில் 14 வருடம் மகனுக்குக் கடிதங்களாக எழுதித் தள்ளினார். அவற்றிலிருந்து சில பகுதிகளை அமெரிக்கக் கவிஞர் எஸ்ரா பவுண்ட் தேர்ந்தெடுக்க, யேட்ஸின் சகோதரியின் அச்சகமே 1917-ல் சிறு நூலாக வெளியிட்டது. இறப்பதற்குச் சில மாதம் முன்பு, 1921 ஜூனில், மகனிடம் கேட்கிறார்: உன் கவிதை எப்போது சிறப்பாக இருக்கிறது? உன் கற்பனையின் காட்டு வேகம் கண்ணால் காணும் உண்மையோடு மணம் முடிக்கும்போதுதான், எந்த விமர்சகனும் மறுக்கட்டும் பார்க்கலாம் என்கிறார். கூடவே, லேடி கிரகரியிடம் போகாமல் என்னோடேயே இருந்திருந்தால் என்று ஒரு அங்கலாய்ப்பும். மகன் உலகப் புகழ் பெற்ற பிறகும் அப்பாவின் பொறாமை கலந்த பாசம் அடங்கவில்லை. யேட்ஸின் முதிர்ந்த கவிதையைப் பற்றி இதைவிடச் சரியான ஒற்றை வாக்கியத்தை நான் வேறெங்கும் படித்ததில்லை.

இப்போது இந்தியா. யேட்ஸ் இந்தியாவுக்கு வந்ததே இல்லை. அவர் அறிந்த இந்தியா மூன்று மனிதர்கள். முதலாமவர் மோகினி சாட்டர்ஜி, பிரம்மஞான சபையின் தூதராக ஐரோப்பா போன இளம் வங்காளி. சபையின் தலைமையகம் 1882-லேயே சென்னை அடையாறுக்கு வந்துவிட்டிருந்தது. 1880களின் நடுவில் மோகினி டப்ளினுக்கு வந்து பேசியபோது யேட்ஸுக்கு இருபது வயதுதான். அது 1885-ஆ 1886-ஆ என்பதில் ஆய்வாளர்களுக்குள் வேறுபாடு உண்டு. ஆனால் அந்தப் பேச்சு அவர் மனதில் தங்கிவிட்டது என்பதில் சந்தேகமே இல்லை. இளமையில் அனசூயா, கண்வர் என்ற பெயர்களோடு சில கவிதைகள் எழுதினார், அவை சுமார்தான். நாற்பது வருடத்துக்கு மேல் கழித்து, 1929-ல், மோகினியின் பெயரையே தலைப்பாக வைத்து ஒரு கவிதை எழுதுகிறார். பிரார்த்தனை செய்யட்டுமா என்று கேட்கிறான் இளைஞன். எதற்காகவும் வேண்டாதே, ஒவ்வொரு இரவும் படுக்கையில், நான் அரசனாக இருந்தேன், அடிமையாக இருந்தேன் என்று சொல்லிக்கொள் என்கிறார் அந்தப் பிராமணர். அதற்கு மேலே தன் சொந்தக் குரலில் யேட்ஸ் ஒரு பத்தி சேர்க்கிறார். ஆசை தீராத காதலர்களுக்குக் காலம் இன்னும் மிச்சம் இருக்கிறது என்பது அதன் சாரம். மறுபிறவியை விட்டு விடுதலை ஆவதைப் பேசும் மரபிலிருந்து மறுபிறவியை மட்டும் எடுத்துக்கொண்டு, அதைக் காதலின் தவணை நீட்டிப்பாக மாற்றிவிடுகிறார். உபநிடதம்தான் யேட்ஸ் என்று சொல்கிறவர்களிடம் நான் காட்டும் கவிதை இது. வாங்கியது உண்மை, ஆனால் வாங்கியதைத் தலைகீழாக்கிவிட்டார்.

இரண்டாமவர் தாகூர். ஓவியர் ரோதன்ஸ்டைன் 1912 கோடையில் கீதாஞ்சலியின் கையெழுத்துப் பிரதியை யேட்ஸிடம் கொடுத்தார். ரயிலிலும் பஸ் மாடியிலும் உணவகத்திலும் அதைக் கையோடு வைத்துப் படித்ததாகவும், தான் நெகிழ்ந்துபோவதை அந்நியர் யாராவது பார்த்துவிடுவார்களோ என்று அடிக்கடி மூடிவைத்ததாகவும் முன்னுரையில் எழுதுகிறார். யேட்ஸ்தான் அந்த ஆங்கிலத்தை எழுதிக் கொடுத்தார் என்று ஒரு பேச்சு அன்றிலிருந்து இருக்கிறது. கிடைத்திருக்கும் கையெழுத்துப் பிரதியைப் பார்த்தவர்கள் சொல்வது, கீதாஞ்சலியைப் பொறுத்தவரை அவர் செய்தது சில்லறைத் திருத்தங்கள், ஆங்கிலம் தாகூருடையதே. ஆனால் 1917-ல் பதிப்பாளர் மாக்மில்லனுக்கு எழுதிய கடிதத்தில், என் திருத்தங்கள் எவ்வளவு பெரியவை என்று உங்களுக்குத் தெரியாது என்கிறார் யேட்ஸ். அது அடுத்தடுத்த நூல்களையும் சேர்த்துச் சொன்னது, கொஞ்சம் எரிச்சலோடும் சொன்னது. நான் வங்காளம் அறியாதவன், மூலத்தோடு வைத்துத் தீர்ப்புச் சொல்ல எனக்குத் தகுதி இல்லை. 1935-ல் ரோதன்ஸ்டைனுக்கு எழுதிய கடிதம் இன்னும் மோசம். தாகூர் நாசமாய்ப் போகட்டும் என்று தொடங்கி, இந்தியர் எவருக்கும் ஆங்கிலம் தெரியாது என்பதுவரை போகிறார். இந்த வாக்கியத்தை மட்டும் கிள்ளி எடுத்து யேட்ஸை இந்திய விரோதி என்று காட்டுவோர் உண்டு, முன்னுரையை மட்டும் எடுத்து பக்தராகக் காட்டுவோரும் உண்டு. ஒரே மனிதர் 23 வருட இடைவெளியில் எழுதிய இரண்டையும் பக்கத்தில் வைத்துப் படியுங்கள்.

மூன்றாமவர் புரோகித் சுவாமி. 1931-ல் அறிமுகம், 1935-36 குளிர்காலத்தில் ஸ்பெயினின் மயோர்க்கா தீவில் இருவரும் சேர்ந்து உட்கார்ந்து உபநிடதங்களை மொழிபெயர்த்தார்கள், 1937-ல் பத்து உபநிடதங்களின் தொகுதி வெளிவந்தது. உபநிடதத்தோடு யேட்ஸ் நெருங்கி வேலை செய்தது கடைசி சில வருடங்களில்தான் என்பதைக் கவனியுங்கள். அவருடைய பெரும்பாலான கவிதைகள் அதற்கு முன்பே எழுதப்பட்டுவிட்டன.

இந்தியாவைப் போலவே, சொல்லப்போனால் அதைவிட ஆழமாக, அவருக்குள் இறங்கியவர் ஆங்கிலக் கவிஞர் வில்லியம் பிளேக். 1893-ல் எட்வின் எல்லிஸோடு சேர்ந்து பிளேக்கின் படைப்புகளை மூன்று தொகுதிகளாகப் பதிப்பித்தார். மந்திர சாதனைக் குழுவான கோல்டன் டானில் 1890-லிருந்து உறுப்பினர். இதெல்லாம் எதற்கு என்று பழைய புரட்சிக்காரர் ஜான் ஓ'லியரி கடிந்துகொண்டபோது, 1892-ல் அவருக்கு எழுதிய பதில் முக்கியமானது. மந்திரத்தை இடைவிடாமல் பயின்றிருக்காவிட்டால் பிளேக் புத்தகத்தில் ஒரு சொல்கூட எழுதியிருக்க முடியாது, நான் செய்வது, நினைப்பது, எழுதுவது எல்லாவற்றுக்கும் நடுநாயகம் இந்த மறைஞான வாழ்வுதான் என்கிறார். இதை ஒரு கிறுக்கு என்று ஒதுக்கிவிட்டுப் பாடம் நடத்துவது சுலபம். அவரே நடுநாயகம் என்று சொன்னதை நாம் ஓரத்தில் தள்ளக் கூடாது. 1902-ல் ஜெர்மன் தத்துவவாதி நீட்சே, புத்தகங்கள் வழியாக, வந்து சேர்ந்தார். கண் கெட்டுப்போகும் அளவுக்குப் படித்தேன், உங்களுக்கு ஒரு போட்டியாளர் வந்துவிட்டார் என்று லேடி கிரகரிக்கே எழுதுகிறார்.

கடிதமும் கவிதையும் எதிரெதிராக நிற்பதைப் பார்க்க எனக்குப் பிடித்த இடம் ஒரு நீலக்கல். எழுபதாவது பிறந்தநாளையொட்டி ஹாரி கிளிஃப்டன் என்ற இளைஞர் அவருக்குச் சீன வேலைப்பாடுள்ள லாபிஸ் லசூலி என்ற நீலக்கல் ஒன்றைப் பரிசளித்தார். 1935 ஜூலை 6 அன்று கவிஞர் டோரதி வெல்லஸ்லிக்கு அதை வர்ணித்து எழுதுகிறார். மலைபோல் செதுக்கிய பெரிய கல், கோயில், மரங்கள், பாதைகள், மலையேறப் போகும் ஒரு துறவியும் சீடனும். விரக்தியின் நடுவே எழும் வீரக்குரல் என்று உற்சாகமாகத் தொடங்குகிறார். உடனே தன்னையே வெட்டுகிறார்: இல்லை, நான் சொன்னது தப்பு, கிழக்கிடம் எப்போதும் தீர்வு இருக்கிறது, அதனால் அதற்குத் துன்பியல் தெரியாது, வீரக்குரல் எழுப்ப வேண்டியது நாம்தான். கிழக்கைப் பற்றிய அந்தக் காலத்து ஐரோப்பியப் பொதுப்புத்திதான் இது, அதற்கு மேல் ஒன்றுமில்லை.

அடுத்த வருடம் ஜூலையில் அந்தக் கல்லைப் பற்றிய கவிதை முடிகிறது. கல் அதே கல். ஆனால் துறவியும் சீடனும் இப்போது வெறுமனே இரண்டு சீனர்கள், பின்னால் இசைக்கருவி சுமந்துவரும் ஒரு பணியாள், மேலே நெடுங்கால் பறவை ஒன்று. கல்லில் உள்ள ஒவ்வொரு நிறமங்கலும் விரிசலும் நீரோடையாகவோ பனிச்சரிவாகவோ அவருக்குத் தெரிகிறது. பாதி வழியில் ஒரு சிறு வீடு. அவர்கள் அங்கே இன்னும் போய்ச் சேரவில்லை, செதுக்கப்பட்ட மனிதர்கள் எப்போதுமே போய்ச் சேரப்போவதில்லை. அவர்கள் அங்கே உட்கார்ந்திருப்பதாக நினைத்துப்பார்ப்பதில் எனக்கு மகிழ்ச்சி என்கிறார் கவிஞர். மலை, வானம், கீழே நடக்கும் துன்பக் காட்சி அத்தனையையும் அவர்கள் பார்க்கிறார்கள், சோக கீதம் கேட்கிறார்கள், சுருக்கம் விழுந்த முகத்தில் அந்தப் பழங்கண்கள் மட்டும் களிப்போடு மின்னுகின்றன. கடிதத்தில் துன்பியல் தெரியாதவர்கள் என்று தள்ளப்பட்டவர்கள், கவிதையில் துன்பியலை முழுதாகப் பார்த்துவிட்டுச் சிரிப்பவர்களாக ஆகிவிட்டார்கள். ஹாம்லெட்டுக்கும் லியருக்கும் கவிதையின் முற்பகுதியில் கொடுத்த அதே களிப்பை அவர்களுக்கும் கொடுக்கிறார். யேட்ஸின் கருத்து மாறியதா, அல்லது கல்லைப் பார்த்துக்கொண்டே இருந்ததில் கண் கருத்தைத் திருத்தியதா? இரண்டாவது என்றே நம்புகிறேன். இது என் வாசிப்பு, உங்கள் தேர்வில் எழுதினால் உங்கள் பொறுப்பில் எழுதுங்கள்.

இதேபோல் இன்னொன்று, பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிராக டப்ளினில் நடந்த 1916 ஈஸ்டர் எழுச்சி பற்றிய கவிதை. எழுச்சி நடந்தபோது அவர் இங்கிலாந்தில் இருந்தார். தலைவர்கள் ஒவ்வொருவராகச் சுட்டுக்கொல்லப்பட்டுக்கொண்டிருந்த மே 11 அன்று லேடி கிரகரிக்கு எழுதுகிறார். ஒரு பொது நிகழ்வு என்னை இவ்வளவு ஆழமாக உலுக்கும் என்று நினைக்கவில்லை, வருங்காலத்தை நினைத்தால் சோர்வாக இருக்கிறது, இத்தனை வருட உழைப்பு, சமூக வகுப்புகளை ஒன்றுசேர்த்தது, இலக்கியத்தை அரசியலிலிருந்து விடுவித்தது, எல்லாம் கவிழ்ந்துவிட்டது என்கிறார். தன் வேலை வீணானதே என்ற கவலை அதில் தெரிகிறது. அதே கடிதத்தில்தான், கொல்லப்பட்டவர்களைப் பற்றிக் கவிதை எழுத முயல்கிறேன் என்று சொல்லி, பயங்கரமான அழகு பிறந்தது என்ற அந்தத் தொடரின் முதல் வடிவத்தையும் எழுதுகிறார். செப்டம்பர் 25 தேதியிட்ட கவிதையில் தன் உழைப்பைப் பற்றிய புலம்பல் ஒரு சொல்கூட இல்லை. அதற்குப் பதிலாக, இந்த மனிதர்களை நேற்றுவரை கிளப்பில் கேலி பேசியவன் நான் என்ற ஒப்புதல் இருக்கிறது.

அதில் ஒருவர் ஜான் மக்பிரைடு. யேட்ஸ் பல வருடம் காதலித்த, அயர்லாந்து விடுதலைக்காகப் போராடிய மாட் கான் என்ற பெண்ணை 1903-ல் மணந்தவர். அந்த மணம் இரண்டே வருடத்தில் கசந்து முறிந்தது, அந்த விவகாரம் அக்காலத்துக் கடிதங்களில் நிறைய இடம்பிடித்திருக்கிறது. கவிதையில் அவரைக் குடிகாரன், வீண்பெருமைக்காரன் என்றே சொல்கிறார், என் நெஞ்சுக்கு நெருங்கியவர்களுக்குக் கொடுமை செய்தவன் என்கிறார். ஆனாலும் இந்தப் பாட்டில் அவனையும் சேர்க்கிறேன் என்கிறார். வெறுப்பை மறைக்கவும் இல்லை, வெறுப்புக்காகப் பெயரை விடவும் இல்லை. இதைப் படித்த மாட் கான் நவம்பரில் எழுதிய பதில் கிடைத்திருக்கிறது: உன் கவிதை எனக்குப் பிடிக்கவில்லை, உனக்கும் தகுதியானதாக இல்லை, பேசும் பொருளுக்கும் தகுதியானதாக இல்லை. நீண்ட தியாகம் இதயத்தைக் கல்லாக்கும் என்ற வரியை அவர் ஏற்கவே இல்லை, தியாகம் எந்த இதயத்தையும் கல்லாக்கியதில்லை என்கிறார். இந்தக் கடிதத்தையும் கவிதையையும் சேர்த்து வகுப்பில் வைத்தால் விவாதம் ஒரு மணி நேரத்தில் முடியாது. கவிதையின் பத்திகள் 16, 24, 16, 24 வரிகளாக இருப்பது உண்மை. அது 1916, ஏப்ரல் 24 என்ற தேதியைக் குறிக்க வேண்டுமென்றே செய்தது என்பது சில விமர்சகர்களின் ஊகம். அழகான ஊகம்தான், அவர் அப்படிச் சொன்னதாகச் சான்று இல்லை.

மாட் கான் கடிதங்களைப் பற்றி ஒரு எச்சரிக்கை. இருவரின் கடிதத் தொகுதி 1992-ல் வெளிவந்தது. அதில் அவர் எழுதியவை 370 அளவில், யேட்ஸ் எழுதியவை 30 அளவில்தான். யேட்ஸ் குறைவாக எழுதினார் என்று அர்த்தமில்லை. உள்நாட்டுப் போர்க் காலத்தில் மாட் கானின் வீட்டைச் சோதனையிட்ட படையினரால் அவருடைய காகிதங்கள் அழிந்துபோயின. அயர்லாந்தின் மிகப் பிரசித்தமான காதலில் காதலனின் குரல் நமக்குக் கடிதமாகக் கிடைக்கவில்லை, கவிதையாக மட்டும் கிடைத்திருக்கிறது. அதனால் அவர் இப்படி நினைத்தார், அப்படித் துடித்தார் என்று இணையத்தில் எழுதப்படுவதில் பெரும்பகுதி கவிதையிலிருந்து பின்னோக்கிக் கற்பனை செய்தது. நம்பாதீர்கள்.

மனைவி ஜார்ஜைப் பற்றியும் சொல்ல வேண்டும், பெரும்பாலும் ஒரு வரியில் கடந்துவிடுகிறார்கள். 1917 அக்டோபரில் திருமணம் ஆன சில நாட்களில், கணவர் மனமுடைந்து கிடப்பதைப் பார்த்து அவர் தானியங்கி எழுத்தை, அதாவது கை தானாகவே எழுதுவதாகச் சொல்லப்படும் எழுத்தை, தொடங்கினார். முதலில் கணவரின் மனதைத் திருப்பவே பாவனையாக எழுதியதாகவும், அப்புறம் கை தானாக இழுக்கப்பட்டதாகவும் பிற்காலத்தில் அவர் ஆய்வாளர் எல்மனிடம் சொன்னார். 3,600 பக்கத்துக்கு மேல் சேர்ந்தது. யேட்ஸின் பிற்காலக் கவிதையில் வரும் நிலவின் கலைகள், சுழலும் கூம்புகள் எல்லாம் அதிலிருந்துதான் வந்தன. எழுதியது யார், ஆவியா, ஆழ்மனமா என்பதற்கு என்னிடம் பதில் இல்லை. 25 வயதான, நிறையப் படித்த, கூர்மையான அந்தப் பெண்ணின் கை அதில் இருந்தது என்பது நிச்சயம். யேட்ஸ்மேல் படிந்த பாதிப்புகளை எழுதும்போது பிளேக், நீட்சே வரிசையில் இவர் பெயரையும் வையுங்கள்.

கசப்பான ஒன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். 1933-ல் ஒலிவியா ஷேக்ஸ்பியர் என்ற நெடுநாள் தோழிக்கு எழுதிய கடிதங்களில், படித்த வகுப்பின் சர்வாதிகாரம்தான் தீர்வு என்று யேட்ஸ் பேசுகிறார். அயர்லாந்தின் பாசிசச் சாயல் கொண்ட நீலச்சட்டைக்காரர்களுக்கு அணிவகுப்புப் பாட்டும் எழுதினார், பிறகு அவர்கள் பாட முடியாதபடி மாற்றினார். 1936-ல் நாஜிச் சிறையில் இருந்த ஜெர்மன் பத்திரிகையாளர் ஒஸ்ஸியட்ஸ்கிக்கு நோபல் அமைதிப் பரிசு கேட்கும் முயற்சியில் சேர நாவலாசிரியை எத்தல் மானின் அழைத்தபோது மறுத்துவிட்டார். என்னை அரசியல்வாதி ஆக்காதே, கம்யூனிஸ்டோ பாசிஸ்டோ மதவாதியோ, பலியானவர்களின் எண்ணிக்கைப்படி எல்லோரும் பொறுப்பு என்று எழுதினார். அவரைப் பாசிஸ்ட் என்று ஒரே சொல்லில் முடிப்பது தவறு. ஒரு வருட மயக்கம்தான் என்று துடைத்துவிடுவதும் தவறு, மக்களாட்சி மீதான அவநம்பிக்கையும் குலப்பெருமையும் கடைசிவரை அவரிடம் இருந்தன. அவர் கவிதையை நேசிக்கிற எனக்கு இது இன்றும் உறுத்துகிறது.

சரி, எங்கே தொடங்குவது? ஆலன் வேட் 1954-ல் பதிப்பித்த ஒற்றைத் தொகுதி பழையதுதான், ஆனால் முழு வாழ்க்கையும் ஒரே இடத்தில் கிடைக்கும், நூலகங்களில் இருக்க வாய்ப்புண்டு. ஜான் கெல்லியின் தலைமையில் 1986 முதல் வரும் ஆக்ஸ்ஃபோர்டு தொகுதிகள் அடிக்குறிப்புகளுக்காகவே தங்கம், எழுத்துப்பிழைகளையும் அப்படியே வைத்திருக்கிறார்கள். அச்சில் வந்த ஐந்து தொகுதிகள் 1910 வரைதான் போகின்றன என்பதால் பிற்காலத்துக்கு ஆலன் வேட் தொகுதியைத்தான் எடுக்க வேண்டும். ஜார்ஜுக்கும் அவருக்கும் இடையிலான கடிதங்களை ஆன் சாடில்மையர் 2011-ல் பதிப்பித்திருக்கிறார். வாழ்க்கை வரலாற்றுக்கு ராய் ஃபாஸ்டரின் இரண்டு தொகுதிகள், 1997, 2003. இவ்வளவையும் தேர்வுக்கு முன் படிக்க முடியாது, தேவையும் இல்லை. டோரதி வெல்லஸ்லிக்கு எழுதியவை தனியாக ஒரு மெல்லிய நூலாக 1940-லேயே வந்துவிட்டன, அதிலிருந்து தொடங்குங்கள். கவிதை எப்படி உருவாகிறது என்று ஒரு கவிஞர் இன்னொரு கவிஞரிடம் மனம்விட்டுப் பேசுவது அதில்தான் அதிகம். ஆனால் ஒவ்வொரு தடவையும் கவிதையை முதலில் படித்துவிடுங்கள், நீலக்கல் கவிதையை மூன்று நான்கு முறை வாய்விட்டு வாசித்துவிட்டு அப்புறம் அந்த ஜூலைக் கடிதத்துக்குப் போங்கள். படித்து முடித்ததும் எது உங்களுக்கு இடித்தது என்று எழுதினால், அங்கிருந்து தொடர்ந்து பேசலாம்.